மாமா புடிச்சாரு

ஜன்னலை உடைத்துக்கொண்டு வந்த கல் பட்டாசின் காதை உரசிவிட்டுச் சுவர்க்கடிகாரத்தைப் பெயர்த்துப் போட்டது. அடுத்த கல்லுக்கு அவள் தரையோடு தரையாகக் கிடந்தாள். அதற்கப்புறம் கல் வரவில்லை, கதவே வந்துவிட்டது.

தாழ்ப்பாள் பிய்ந்து தொங்க, வீல் ஸ்பானரும் கையுமாக ஒருத்தன் உள்ளே நின்றான். சும்மா சொல்லக் கூடாது, வாசலை அடைக்கிற உடம்பு. சட்டையெல்லாம் கிரீஸ்.

"எங்க அந்தக் கொலைகாரன் பொண்டாட்டி?"

"அதைக் கேக்கறதுக்குக் கதவைத் தட்டினாப் போதும்ண்ணே, உடைக்க வேணாம்," என்றாள் பட்டாசு தரையில் கிடந்தபடியே. பயம் வந்தால் அவளுக்கு வாய் ஓயாது. அதனால்தான் அந்தப் பெயர். அவளுக்குச் சம்பளம் கொடுக்கிற துப்பறிவாளர் நேர் எதிர். ரேஷன் போட்டுப் பேசுகிற ஆசாமி, சுருக்கு என்று சொன்னால்தான் அவரை நாலு பேருக்குத் தெரியும். இப்போதும் நாற்காலியை விட்டு எழுந்திருக்காமல், வந்தவனின் கையிலிருந்த ஸ்பானரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

சமையலறையிலிருந்து, அவர்களைத் துப்பறிய வரவழைத்திருந்த அந்த வீட்டுக்காரி வந்தாள். மெலிந்த பெண்தான், ஆனால் பின்வாங்கவில்லை. "நான்தான். என்ன வேணும் உனக்கு?"

 அவன் அவள் முடியைக் கொத்தாகப் பிடித்து இழுத்து அலமாரியில் மோதினான். நெற்றி பிளந்து ரத்தம் புருவத்தில் இறங்கியது. பட்டாசு எகிறி அவன் முதுகில் தொற்றிக்கொண்டு தோள்பட்டையை நறுக்கென்று கடித்தாள்.  அவன் உதறிய உதறலில் போய்ச் சுவரில் விழுந்தாள், கீழ் உதடு கிழிந்தது. ஸ்பானரைச் சுழற்றினான் அவன். அலமாரியின் மேல்தட்டு உடைந்து, அதிலிருந்த பெரிய கண்ணாடி ஜாடி சரிந்தது.

பட்டாசு புத்தி இல்லாமல் இரண்டு கையையும் நீட்டி அதைப் பிடிக்கப் போனாள். வீட்டுக்காரியோ, முகத்தில் வழிகிற ரத்தத்தையும் மறந்து, "கையெடு!" என்று அலறிக்கொண்டே இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்கிப் பின்னால் குதித்தாள். ஜாடி தரையில் சிதறியது. பட்டாசின் உள்ளங்கை கிழிந்ததுதான் மிச்சம்.

அதற்குள் சுருக்கு கட்டிலில் கிடந்த போர்வையை உருவி அந்தத் தடியன் தலையில் போட்டு, காலைத் தட்டிவிட்டு, குப்புற விழுந்தவன் முதுகில் ஏறி உட்கார்ந்துவிட்டார். ஸ்பானர் கட்டிலுக்கடியில் உருண்டு போனது.

"பேசலாமா?" என்றார் போர்வையைப் பார்த்து.

போர்வைக்குள்ளிருந்து அழுகைச் சத்தம் வந்தது. அவ்வளவு பெரிய உடம்பு குலுங்கிக் குலுங்கி அழுதது. பட்டாசுக்கு வாங்கின அடியை விட அதுதான் சங்கடமாக இருந்தது.

சங்கதி இதுதான். போன மழையில் ஒரு காலை வேளை, கண்ணாடிக் கடை ஒன்றின் லோடு வண்டி, மகளைப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிப் போன ஒரு பெண்ணை அடித்துத் தள்ளிவிட்டுக் கம்பத்தில் மோதியது. அந்தப் பெண் அங்கேயே போய்விட்டாள். அவள் போர்வைக்குள் கிடந்த இந்த மெக்கானிக்கின் தங்கை. அப்பன் இல்லாத குழந்தை மட்டும் கீறல் இல்லாமல் தப்பித்தது. வண்டிக்குப் பக்கத்தில் இன்னொரு பிணம் கிடந்தது. அது கண்ணாடிக் கடையில் கண்ணாடி மாட்டுகிற ஃபிட்டராக இருந்த ஆள், இந்த வீட்டுக்காரியின் கணவன். கடை முதலாளி என்ன சொன்னான் தெரியுமா? "காலி வண்டியை என்னைக் கேக்காம எடுத்துட்டுப் போனான், லைசென்ஸும் கிடையாது." எதிரே இருந்த செருப்புக் கடைக்காரன், "அவன்தான் ஓட்டினான், என் கண்ணால பாத்தேன்" என்று சாட்சி சொன்னான். முதலாளி கழன்றுகொண்டான், இன்சூரன்ஸ்காரர்கள் கையை விரித்தார்கள். இரண்டு வீட்டுக்கும் நஷ்டஈடு இல்லை. இந்த வீட்டுக்குக் கூடுதலாகக் கொலைகாரன் வீடு என்ற பெயர் வேறு.

"அவருக்கு சைக்கிளே ஒழுங்கா ஓட்டத் தெரியாது," என்றாள் வீட்டுக்காரி, நெற்றியில் துணியை அழுத்தியபடி.

"அதனாலதான்டி என் தங்கச்சியைக் கொன்னான்!" போர்வை கத்தியது.

"கேளுங்க சார்," அவள் சுருக்கைப் பார்த்துச் சொன்னாள். "எனக்குப் பணமும் வேணும், அவர் பேரும் வேணும். ரெண்டுல ஒண்ணை விட்டுக்குடுன்னு எவனும் எங்கிட்ட வரக் கூடாது."

சுருக்கு தலையசைத்தார். "கையெடுன்னா என்னம்மா?"

"அதுவா? கண்ணாடி வேலைக்காரங்க பழக்கம் சார். கண்ணாடி நழுவிட்டா பிடிக்கவே கூடாது, கையைத் தூக்கிட்டு பின்னாடி குதிச்சிடணும். பிடிச்சவன் கை போயிடும். இவரு வீட்ல தட்டு விழுந்தாக்கூட அப்படித்தான் குதிப்பாரு. பாத்துப் பாத்து எனக்கும் தொத்திக்கிச்சு."

பட்டாசு தன் உள்ளங்கையைக் காட்டினாள். "இந்தப் பாடத்தை முன்னாடியே எடுத்திருக்கலாம்க்கா."

சுருக்கு மெக்கானிக்கின் முதுகிலிருந்து இறங்கினார். "அவர் ஓட்டலைன்னா நீ யாரை அடிப்பே?"

மெக்கானிக் போர்வையை விலக்கிவிட்டு விழித்தான். "ஓட்டினவனை."

"அப்ப எங்கூட வா. சாயங்காலத்துக்குள்ள காட்டலைன்னா என்னை அடி."

"அவரை மட்டும்," என்று திருத்தினாள் பட்டாசு. "எனக்கு வர வேண்டியது வந்துடுச்சு."

சுருக்கின் கார் அவரை விட வயசானது. பின் சீட்டில் ஒரு ஓரத்தில் வீட்டுக்காரி, மறு ஓரத்தில் கட்டிலுக்கடியிலிருந்து மீட்ட ஸ்பானரோடு மெக்கானிக். வேலியாக நடுவில் பட்டாசு. அவளுக்கு இந்த ஏற்பாடு கொஞ்சமும் பிடிக்கவில்லை.

"கண்ணாடிக் கடையில மூணு பேர் வேலை பாத்தாங்க," என்றார் சுருக்கு ஓட்டிக்கொண்டே. "ஒருத்தர் செத்தாரு. ஒருத்தன் இருக்கான். புதுசா சேர்ந்த மூணாமத்தவன் ஊருக்குப் போயிட்டானாம். எந்த ஊருன்னு முதலாளிக்கே தெரியலை."

"நான் அவனைப் பாத்ததில்லை," என்றாள் வீட்டுக்காரி. "முதலாளியோட மச்சினன்னு இவரு சொல்லியிருக்காரு."

"என்ன பாஸ், இன்னைக்கு இவ்வளவு பேசிட்டீங்க? நாளைக்கு என்ன பண்ணுவீங்க?" என்றாள் பட்டாசு.

அவர் சிரிக்கவில்லை. மெக்கானிக்கைக் கேட்டார். "குழந்தை எப்படி இருக்கு?"

அவ்வளவுதான், அவன் பொலபொலவென்று கொட்டிவிட்டான். "எப்படி இருக்கும்? வாயைத் திறந்தா ஓயாத குழந்தை சார். 'டேய் மாமா, பைக்ல கூட்டிட்டுப் போடா'ன்னு என் தலையில ஏறி உக்காந்திருக்கும். அன்னைக்கிலேருந்து ஒரே பேச்சுதான். 'மாமா புடிச்சாரு, மாமா புடிச்சாரு.' ஆஸ்பத்திரியில நான்தான் ஓடிப்போய் அவளைத் தூக்கிப் பிடிச்சேன். அதையே சொல்லிட்டிருக்கு. தூக்கத்துலயும் அதேதான். அதைக் கேக்கும்போதெல்லாம் யாரையாவது அடிச்சுக் கொல்லலாம்னு இருக்கு."

சுருக்கு காரின் வேகத்தைக் குறைத்தார். ஏதோ சொல்லப் போகிறார் என்று பட்டாசு காத்திருந்தாள். அவர் கியரை மட்டும் மாற்றினார்.

செருப்புக் கடை இன்னும் பெயிண்ட் வாடை போகாத புதுக் கடை. வாசலில் வளைந்த கம்பம், அதன் கீழே யாரோ வைத்துவிட்டுப் போன பூ வாடிக் கிடந்தது. மெக்கானிக் அதைப் பார்த்துப் பல்லைக் கடித்தான். மற்ற இருவரையும் காரிலேயே இருக்கச் சொல்லிவிட்டுச் சுருக்கும் பட்டாசும் மட்டும் உள்ளே போனார்கள்.

கடைக்காரன் ஒல்லியாக, படிய வாரிய தலையோடு, வாயெல்லாம் பல்லாக வரவேற்றான். "வாங்கக்கா, வாங்க சார். என்ன காட்டட்டும்?"

"அடி வாங்கினாலும் ஓடறதுக்குத் தோதா ஏதாவது இருந்தா காட்டுங்க," என்றாள் பட்டாசு வீங்கிய உதட்டோடு. அவன் சிரித்துக்கொண்டே குதிகால் உயர்ந்த ஒரு ஜோடியை எடுத்துக் காலில் மாட்டிவிட்டான். இதைப் போட்டுக்கொண்டு எங்கே ஓடுவது என்று அவள் நினைத்துக்கொண்டாள். ஆனால் அழகாகத்தான் இருந்தது.

சுவரோரம் ஆளுயரக் கண்ணாடி ஒன்று சாய்த்து வைத்திருந்தது. சுருக்கு அதன் பக்கத்தில் போய் நின்று, கையை மேல் விளிம்பில் போட்டுக்கொண்டார். "அந்த விபத்தை நீங்கதான் பாத்தீங்களாமே?"

"ஆமா சார், கொடுமை. இங்க நின்னுதான் பாத்தேன். அந்த ஆளு கண்மண் தெரியாம ஓட்டிட்டு வந்தான்."

"அவரை முன்னாடியே தெரியுமா?"

"எனக்கெப்படி சார் தெரியும்? நான் பொழைக்க வந்தவன். பரம்பரையா செருப்பு வியாபாரம். கண்ணாடிக் கடைப் பக்கமே போனதில்லை."

"நல்லது," என்ற சுருக்கு, கையை மடக்கி இழுத்தார்.

கண்ணாடி மூவருக்கும் நடுவே சரிந்தது. பட்டாசு திரும்பவும் கையை நீட்டினாள், நாசமாய்ப் போன கை, சொன்ன பேச்சைக் கேட்காது. கடைக்காரன் நீட்டவில்லை.

"கையெடு!" என்று அலறினான். இரண்டு கையும் தலைக்கு மேல் போக, காலைக் கூட்டி ஒரே குதியாகப் பின்னால் போய் நின்றான்.

பட்டாசு கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள். கண்ணாடி சுக்குநூறானது. அந்தச் சத்தம் அடங்கினபோதும் அவன் கையைத் தூக்கியபடியே நின்றிருந்தான்.

"கையை இறக்கிக்குங்க மச்சினன் சார்," என்றாள் பட்டாசு. "போலீஸ் இன்னும் வரலை."

அவன் முகத்திலிருந்த பல்லெல்லாம் எங்கே போனதோ. ஷட்டர் இழுக்கிற கொக்கிக் கம்பி மூலையில் இருந்தது. அதைப் பாய்ந்து எடுத்தவன் ஷட்டரை ஒரே இழுப்பில் முக்கால்வாசி இறக்கிவிட்டு, அதே வேகத்தில் கம்பியைச் சுருக்கின் விலாவில் இறக்கினான். எலும்பு முறிகிற சத்தம் பட்டாசுக்குக் கேட்டது. அவர் செருப்புப் பெட்டிகளின் மேல் சரிந்தார். இன்னொரு அடி தோளில். இன்னொன்று அவர் குறுக்கே வைத்த முழங்கையில்.

"பாஸ்!"

அவள் கையில் கிடைத்த செருப்பையெல்லாம் வீசினாள். அவன் திரும்பி அவள் வயிற்றில் உதைத்தான். மூச்சே நின்றுபோய் மடங்கியவளைப் பின்னாலிருந்து வளைத்துப் பிடித்துக்கொண்டான். செருப்புத் துடைக்கிற துணியைச் சுற்றிப் பிடித்த ஒரு கண்ணாடித் துண்டின் முனை அவள் கழுத்தில் குத்தியது. சூடாக ஏதோ வழிந்து சட்டைக் காலருக்குள் இறங்கியது.

"நீ கதவுப் பக்கம் போனே, இவ செத்தா," என்றான் சுருக்கிடம்.

செத்துவிடுவோம் என்றுதான் பட்டாசும் நினைத்தாள். அம்மா முகம் வந்தது, இந்த மாத வீட்டு வாடகை வந்தது. அழுகை வர வேண்டிய இடத்தில் அவளுக்கு வாய்தான் வந்தது. "அண்ணே, இந்தச் செருப்பு என்ன விலை?"

"என்னது?"

"குதிகால் தாங்குமான்னு பாக்கணும்," என்று சொல்லிக்கொண்டே அந்த உயரக் குதிகாலை அவன் பாதத்தில் மொத்த பலத்தோடும் இறக்கினாள். அவன் ஊளையிட்டான். அவள் நழுவித் தரையில் விழுந்த அதே நேரம் ஷட்டர் தடதடவென்று மேலே போனது.

மெக்கானிக் நின்றுகொண்டிருந்தான். அவனுக்குப் பின்னால் அந்த வீட்டுக்காரி.

அப்புறம் நடந்ததைச் சண்டை என்று சொல்ல முடியாது. ஒருத்தன் அடித்தான், ஒருத்தன் வாங்கினான். முதல் குத்தில் மூக்கு போயிற்று. அடுத்ததில் பல். கல்லாப்பெட்டி மேசை மேல் அவனைத் தூக்கிப் போட்டு, கழுத்தில் ஸ்பானரைக் குறுக்கே வைத்து அழுத்தினான் மெக்கானிக். கடைக்காரன் முகம் நீலம் பாரித்தது.

"அவன் பேசணும்," என்றார் சுருக்கு, விலாவைப் பிடித்துக்கொண்டு. "செத்துட்டான்னா உன் தங்கச்சி மகளுக்கு ஒரு காசு வராது." ஒவ்வொரு வார்த்தைக்கும் அவர் முகம் சுருங்கியது.

ஸ்பானர் கொஞ்சம் தளர்ந்தது. பட்டாசு கழுத்தை ஒரு கையால் பொத்திக்கொண்டு, மறு கையால் போனை எடுத்து ரெக்கார்டை அழுத்தினாள்.

"நான்தான்... நான்தான் ஓட்டினேன்," என்றான் கடைக்காரன், வாயில் ரத்தம் குமிழியிட. "கண்ணாடிக் கடை முதலாளி எங்க அக்கா வீட்டுக்காரர். அவர்தான் இந்தக் கடையை வச்சுக் குடுத்தாரு. கடைக்குப் பெரிய கண்ணாடி கொண்டாந்தோம். ஃபிட்டர் பின்னாடி நின்னு பிடிச்சுட்டு வந்தான். மழை. நான் போன் பேசிட்டே வந்தேன். அந்தப் பொம்பளையைப் பாக்கவேயில்லை."

"அப்புறம்?" என்றார் சுருக்கு.

"எனக்கும் லைசென்ஸ் இல்லை. மச்சான் வந்து, செத்தவன் தலையில போட்டுடலாம், அவன் எந்திரிச்சு வந்து இல்லைன்னா சொல்லப் போறான்னாரு. கண்ணாடித் தூளையெல்லாம் நானே கூட்டி அள்ளினேன்."

மெக்கானிக் கையை ஓங்கினான். சுருக்கு அவன் மணிக்கட்டைப் பிடித்தார்.

"ஒண்ணு கேக்கறேன். உன் தங்கச்சி மக உன்னை எப்பவாவது மரியாதையா பேசியிருக்கா?"

"இப்ப எதுக்கு சார் அது? 'டேய் மாமா'தான். வாடா, போடாதான்."

"மாமா வந்தான், மாமா போனான். அப்படித்தானே?"

"ஆமா."

"அப்ப 'புடிச்சாரு'ன்னு மரியாதை குடுத்தது எந்த மாமாவுக்கு?"

 எந்தக் குழந்தையும் தெருவில் பார்க்கிற பெரிய ஆளை மாமா என்றுதான் சொல்லும். அதைக் காரில் பட்டாசும்தான் கேட்டாள், அவளும்தான் கோட்டை விட்டாள்.

சுருக்கு கடைக்காரனைப் பார்த்தார். "கண்ணாடி எந்தப் பக்கம் சாஞ்சுது?"

அவன் கண்ணை மூடிக்கொண்டான். "குழந்தை பக்கம். பொம்பளையை அடிச்சதும் வண்டி திரும்பிடுச்சு, கண்ணாடி வெளிப் பக்கமா சரிஞ்சுது. கீழ அந்தக் குழந்தை உக்காந்திருந்துச்சு. திரும்பிப் பாத்து கையெடு, கையெடுன்னு கத்தினேன். எடுக்கலை அவன். பிடிச்சுத் தன் மேல இழுத்துக்கிட்டான். வண்டி கம்பத்துல மோதினப்ப அதோடயே விழுந்தான்."

 மெக்கானிக் அப்படியே கீழே உட்கார்ந்தான். உட்கார்ந்தவன் கண்ணாடித் தூள் மேலேயே முழங்காலால் நகர்ந்து போய் வீட்டுக்காரியின் காலைப் பிடித்தான். "அக்கா... தெரியாம பண்ணிட்டேன்கா. உங்க முடியைப் புடிச்ச கையை வெட்டிப் போடுங்கக்கா."

"எந்திரி," என்றாள் அவள். குரலில் ஈரமே இல்லை. "அவரு கையெடுத்திருந்தா இன்னைக்கு எனக்குப் புருஷன் இருந்திருப்பாரு. உன் வீட்ல குழந்தை இருக்கு. என் வீட்ல ஆள் இல்லை. நீ காலைப் பிடிச்சா வந்துடுவாரா? எந்திரிச்சு அதைக் குடு."

எதை என்று புரியாமலே அவன் ஸ்பானரைக் கொடுத்தான்.

அவள் அதைக் கையில் வாங்கிக் கனம் பார்த்தாள். மேசையில் கிடந்தவனிடம் போனாள். போகிற போக்கில் சுருக்கைக் கேட்டாள். "சார், கோர்ட்ல சாட்சி சொல்ல வாய் இருந்தா போதும்தானே?"

"போதும்," என்றார் சுருக்கு யோசிக்காமல். சொன்ன பிறகுதான் அவருக்கு உறைத்தது. "அம்மா, வேணாம்..."

ஸ்பானர் கடைக்காரனின் முழங்காலில் இறங்கியது. அடுத்தது மற்ற முழங்காலில். அவன் போட்ட கூச்சலில் எதிர்ச் சாரியில் ஜன்னல்கள் திறந்தன. மூன்றாவது முறை ஓங்கியவள், அவன் முகத்தைப் பார்த்துவிட்டுத் தானாகவே இறக்கினாள். 

"ரெக்கார்டை எப்பவோ நிறுத்திட்டேன் பாஸ்," என்றாள் பட்டாசு மெதுவாக.

தெருவில் கூட்டம் சேர ஆரம்பித்தது. யாரோ போலீஸுக்குச் சொல்லிவிட்டார்கள் போலிருக்கிறது, தூரத்தில் சைரன் கேட்டது. மெக்கானிக் அவசரமாக எழுந்து வந்து கையை நீட்டினான். "ஸ்பானரைக் குடுங்கக்கா. நான்தான் அடிச்சேன்னு சொல்லிடறேன். என் ஸ்பானர், என் கை. காலைல நான் ஆடின ஆட்டத்தை உங்க தெருவே பாத்திருக்கு, யாரும் சந்தேகப்பட மாட்டாங்க. நீங்க நஷ்டஈட்டுக்கு நிக்க வேண்டியவங்க. உங்க மேல கேஸ் வரக் கூடாது."

நல்ல யோசனை என்றுதான் பட்டாசுக்குப் பட்டது. சுருக்கும் மறுத்துப் பேசவில்லை.

அவள் கொடுக்கவில்லை. வாடிக்கையாளர் உட்கார்கிற ஸ்டூலை இழுத்து வாசலுக்கு நேராகப் போட்டு, ஸ்பானரை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

"ஒருத்தன் செஞ்சதை இன்னொருத்தன் தலையில போட்டுத்தான் இவ்வளவும் வந்துச்சு," என்றாள். "நான் அடிச்சதை நானே சொல்லிக்கறேன். நீ வீட்டுக்குப் போய் அந்தக் குழந்தைகிட்ட சொல்லு, அந்த மாமா பேரு என்னன்னு."